முப்பது அடி தூரத்தில் அப்பா

பிப்ரவரி 4

சோடாபுட்டிக்கு,

மூன்று நாளாகக் கூப்பிட்டுக்கொண்டே இருக்கிறாய். நான் எடுக்கவில்லை. உடம்புக்கு ஒன்றும் இல்லை, கோபம்தான். உடனே அம்மாவைக் கூப்பிட்டு விசாரித்தாயாமே. "அவ நல்லாத்தான் இருக்கா, உன் பேரைச் சொன்னாத்தான் பாத்திரம் உருளுது" என்று அம்மா சொன்னது எனக்குச் சமையலறை வரை கேட்டது.

நீ அனுப்பிய படத்தைப் பார்த்தேன். அம்மா முன்னால் வேண்டாம் என்று கடையிலேயே பார்த்தேன். மதியம் ஆள் யாரும் வராத நேரத்தில், கண் சோதிக்கும் அறைக்கதவைச் சாத்திவிட்டு, தினமும் மற்றவர்களை உட்காரவைத்து எழுத்துப் பலகையைப் படிக்கச் சொல்லும் அந்த நாற்காலியில் நானே உட்கார்ந்து பன்னிரண்டு நிமிடமும் பார்த்தேன். ஆரம்பம் நன்றாகத்தான் இருந்தது. படியில் விழுந்த வெயில், கொடியில் ஈரத்துண்டு, சுவரில் ஊரும் எறும்பு. ஒன்றும் நடக்கவே இல்லை, ஆனாலும் கண்ணை எடுக்க முடியவில்லை. ஆறாவது நிமிடத்தில் ஒரு பொம்பளை பேசுகிறாள். "திரும்பிப் பார்த்தார்டா. கையை ஆட்டினார்." மறுபடியும் அதையே சொல்கிறாள். அப்புறம் இன்னும் இழுத்து, கிணற்றுக்குள்ளிருந்து வருவதுபோல. யாரோ நடிகை என்று நினைத்துக்கொண்டிருந்தேன். நான்காவது தடவைதான் அது என் குரல் என்று உறைத்தது.

போன மாதம் நீ பேசும்போது, "அக்கா, அன்னைக்கு அப்பா கிளம்பினப்போ என்ன ஆச்சு, ஒரு தடவை சொல்லேன்" என்று சாதாரணமாகக் கேட்டாய். நானும், "திரும்பிப் பார்த்தார்டா, கையை ஆட்டினார், போதுமா, பால் பொங்குது" என்று சொல்லிவிட்டு அடுப்புக்கு ஓடினேன். போதுமாவையும் பாலையும் வெட்டி எறிந்துவிட்டு மிச்சத்தை மட்டும் வைத்துக்கொண்டிருக்கிறாய். பதிவு பண்ணுகிறேன் என்று ஒரு வார்த்தை சொன்னாயா? கூடப் பிறந்தவள் என்றால் கேட்காமலே எடுத்துக்கொள்ளலாமா?

இனி உன்னோடு போனில் பேசுவதாக இல்லை. சொல்ல வேண்டியது இருந்தால் எழுது. காகிதத்திலிருந்து உன்னால் குரலைப் பிடுங்க முடியாது.

அந்தக் குரலை எடுத்துவிடு. கண்ணுக்குச் சொட்டு மருந்தை ஒழுங்காகப் போடு.

உன் அக்கா


பிப்ரவரி 11

அக்காவுக்கு,

தப்புத்தான். காலில் விழச் சொன்னால் விழுகிறேன், ஆனால் நடுவில் ஒரு ராத்திரிப் பயணம் இருக்கிறதே. கடிதம் எழுதி எத்தனை வருஷம் ஆகிறது தெரியுமா? தபால் தலை வாங்கப் போனால், அங்கிருந்த அம்மா என்னை ஏற இறங்கப் பார்த்து "வேலைக்கு மனுப் போடறீங்களா தம்பி" என்கிறார். முப்பத்தேழு வயதில் எனக்கு வேலை இல்லை என்று முகத்தில் எழுதியிருக்கிறது போல.

வேலை இருக்கிறது. பகலெல்லாம் துணிக்கடை விளம்பரத்துக்கு எடுத்த படங்களை வெட்டி ஒட்டுகிறேன். மிச்ச நேரத்தில்தான் என் படம். அதில் கதை கிடையாது. ஒரே ஒரு காலை. எனக்கு ஆறு வயது, உனக்குப் பதினொன்று, அப்பா கிளம்பிப் போகிறார். எனக்கு நானே ஒரு சட்டம் போட்டுக்கொண்டேன்: அன்றைக்கு யாராவது உண்மையிலேயே பார்த்தது மட்டும்தான் படத்தில் இருக்க வேண்டும். அதனால் கேமராவை மூன்று அடி நான்கு அங்குலத்துக்கு மேல் தூக்குவதே இல்லை, அதுதான் என் அப்போதைய கண் மட்டம். மேசை மேல் என்ன இருந்தது என்று படத்தில் தெரியாது, எனக்கும் தெரியாது. நம் பழைய வீட்டைப் போலவே முன்னால் நீளமான முற்றம் இருக்கிற வீடு ஒன்றைத் தேடிப் பிடித்தேன். வாசற்படியிலிருந்து வெளிக்கதவு வரை டேப் வைத்து அளந்தேன். முப்பது அடி.

உன் குரலை ஏன் வைத்தேன் என்றால், அந்தக் காலையில் எனக்கு நிச்சயமாகத் தெரிந்தது அது ஒன்றுதான். வேலைக்கென்று போனவர், இரண்டு கடிதம் போட்டார், அப்புறம் ஒன்றும் இல்லை. பள்ளியில் ஒருத்தன் "உங்கப்பா ஓடிப்போயிட்டாராமே" என்று கேட்டான். "ஓடிப்போகல, டாட்டா காட்டிட்டுத்தான் போனார்" என்றேன். அன்றைக்கு மட்டுமா? இன்று வரை எனக்குள்ளே அதைத்தான் சொல்லிக்கொள்கிறேன். விட்டுவிட்டுப் போகிறவன் திரும்பிப் பார்ப்பானா, கை ஆட்டுவானா? அந்தக் கையசைப்பு இருக்கிற வரைக்கும் எனக்கு ஒரு அப்பா இருக்கிறார்.

இன்னொரு விஷயம். கோபப்படாமல் படி. அவருடைய விலாசம் கிடைத்துவிட்டது. அவரோடு வேலை பார்த்த ஒருவர் கொடுத்தார். எழுபத்தொரு வயதாகிறதாம், தனியாக இருக்கிறாராம். ஏப்ரல் மூன்றாம் சனிக்கிழமை நூலகத்தின் சின்ன அரங்கில் படத்தைத் திரையிடுகிறோம், நாற்பது நாற்காலி. அவரையும் கூப்பிடலாம் என்று இருக்கிறேன். நீயும் அம்மாவும் வர வேண்டும். குரலுக்கு அனுமதி கொடு அக்கா. முறைப்படி கேட்கிறேன், கைகட்டி நின்று கேட்கிறேன்.

சொட்டு மருந்து போடுகிற
உன் தம்பி


பிப்ரவரி 17

தம்பி,

அனுமதி இல்லை.

அவரைக் கூப்பிடாதே. கூப்பிட்டால் நான் வரமாட்டேன். நான் வராமல் அம்மா தனியாக வரமாட்டாள்.

குரலோடு சேர்த்து, அவர் திரும்பிப் பார்க்கிற காட்சியையும் எடுத்துவிடு. படியும் வெயிலும் எறும்பும் போதும். காரணம் கேட்காதே. இதுவரைக்கும் நான் சொன்ன எதையாவது நீ கேட்டதுண்டா? இதையாவது கேள்.

அம்மாவுக்கு முட்டிவலி பரவாயில்லை.

அக்கா


பிப்ரவரி 24

அக்கா,

உன் கடிதம் பத்து வரி இருக்குமா? மின்வாரியத்துக்காரன்கூட இணைப்பைத் துண்டிக்கும் முன்னால் இதைவிட விளக்கமாக எழுதுகிறான்.

உனக்கு அவர்மேல் கோபம். எனக்குத் தெரியாதா? நீ படிப்பை நிறுத்திவிட்டுக் கண்ணாடிக் கடையில் ஃபிரேம் துடைக்கப் போனதும், அம்மா இரண்டு வீட்டுக்குச் சமைக்கப் போனதும் யாரால் என்று தெரியும். உன் கோபத்தில் எனக்கு ஒரு பங்கு வேண்டுமென்றால் தருகிறேன் என்றுகூடச் சொன்னாய், ஒருமுறை. நான் வாங்கிக்கொள்ளவில்லை. எல்லோரும் சேர்ந்து வெறுக்க வேண்டும் என்று கட்டாயமா?

நீ அவரைப் பற்றிச் சொன்ன நல்ல வார்த்தை அந்த ஒன்றுதான். இப்போது அதையும் திருப்பிக் கேட்கிறாய்.

உன் கடிதம் வருவதற்கு முன்பே அந்தக் காட்சியை மறுபடி எடுத்துவிட்டேன். முதலில் எடுத்தது எனக்குப் பிடிக்கவில்லை. எங்கள் கட்டடத்தில் லிஃப்ட் பழுது பார்க்க வருபவர்தான் அப்பாவாக நடிக்கிறார், தோள் அப்படியே அப்பா. பாவம், பதினேழு தடவை நடந்து போய்த் திரும்பிக் கை ஆட்டினார். ஒவ்வொரு தடவையும் எனக்கு ஏதோ இடறியது. கடைசியில் அவரே வந்து, "சார், சும்மா ஆட்டணுமா, பாசமா ஆட்டணுமா? அவரு எப்படி ஆட்டினாருன்னு ஒரு தடவை செஞ்சு காட்டிடுங்க, அப்படியே பண்ணிடறேன்" என்றார். நான் கையைத் தூக்கினேன். எந்தக் கை என்று தெரியவில்லை. உயரத் தூக்கினாரா, மார்பு வரைக்குமா என்று தெரியவில்லை. கண்ணை மூடினால் உன் வார்த்தை கேட்கிறது, கை தெரியவில்லை. அத்தனை பேர் முன்னால் கையைத் தூக்கிக்கொண்டு அசடு வழிய நின்றேன்.

அழைப்பைத் தபாலில் போட்டாகிவிட்டது. "நீங்கள் திரும்பிப் பார்த்துக் கை ஆட்டினீர்கள், நான் பார்த்தேன், அதைத்தான் படமாக எடுத்திருக்கிறேன்" என்று எழுதியிருக்கிறேன். இனி உன் இஷ்டம்.

தம்பி


மார்ச் 3

என் கண்ணே,

இதை மூன்று தடவை எழுதிக் கிழித்துவிட்டேன். இந்தத் தடவை படித்துப் பார்க்காமல் உறையில் போட்டு ஒட்டிவிடுவதாக இருக்கிறேன்.

ஏழு வயதில் உனக்குக் கண்ணாடி போட்டது நினைவிருக்கும். மூக்கு உரச உரச நீ புத்தகம் படிப்பதைப் பார்த்து நான்தான் அம்மாவிடம் சண்டை போட்டு அழைத்துப் போனேன். அன்றைக்கு எழுதிக் கொடுத்த சீட்டு இன்னும் என்னிடம் இருக்கிறது. இரண்டு கண்ணுக்கும் மைனஸ் நாலரை. தினம் இருபது பேருக்குக் கண் பார்க்கிறேன், அதனால் இதைக் கண்ணை மூடிக்கொண்டு சொல்வேன்: நாலரை என்றால் கண்ணாடி இல்லாமல் ஒரு சாண் தூரம்தான் தெளிவாகத் தெரியும். அதற்கு மேல் எல்லாம் கலங்கல். அந்தப் பவர் ஒரே நாளில் வந்ததில்லை. அப்பா போனதற்கும் கண்ணாடி போட்டதற்கும் நடுவே எட்டு மாதம்தான்.

முப்பது அடி என்று நீயே அளந்திருக்கிறாய். அந்தத் தூரத்தில் உனக்கு அவர் ஒரு பழுப்புத் திட்டாகத்தான் தெரிந்திருப்பார். கையை ஆட்டினாலும் உனக்குத் தெரிந்திருக்காது, ஆட்டாவிட்டாலும் தெரிந்திருக்காது. உன்னால் அதைப் பார்த்திருக்கவே முடியாதுடா.

நீ என் பாவாடையைப் பிடித்துக்கொண்டு கேட்டாய். "அக்கா, அப்பா என்ன பண்றாரு?" என்று கேட்டாய். நான் குனிந்து உன் காதில் சொன்னேன்.

அவர் திரும்பவே இல்லை. ஒரு கையில் பெட்டி, ஒரு கையில் பை. வெளிக்கதவைக் காலாலேயே உதைத்துச் சாத்திவிட்டு நேராகப் போனார். ஆட்டுவதற்குக் கை எங்கே இருந்தது? நீ அழுதுவிடுவாய் என்று சொன்னேன். ஏதோ ஒன்றைச் சொல்லிச் சமாளித்துவிட்டு மத்தியானம் மறக்கடித்துவிடலாம் என்று நினைத்தேன். நீ மறக்கவில்லை. மறுநாளும் சொல்லச் சொன்னாய், அடுத்த வாரமும் சொல்லச் சொன்னாய். சொல்லச் சொல்லக் கூசாமல் போயிற்று. பால் பொங்கும்போதுகூடத் தடங்கலில்லாமல் வருகிறது, பார்த்தாயே. அதைத்தான் நீ இருட்டில் ஆறு தடவை எனக்கே போட்டுக் காட்டினாய்.

அதனால்தான் அக்கா கண் சம்பந்தப்பட்ட வேலைக்குப் போனாள் என்று இதையும் படத்தில் கோத்துவிடாதே. அந்தக் கடையில் ஆள் எடுத்தார்கள், போனேன், அவ்வளவுதான்.

எனக்கு உன்னைப் பற்றித்தான் பயம். அப்பாவைக் கொடுத்தவளும் நான், இப்போது பிடுங்குகிறவளும் நான். நாளைக்கு அக்காவும் வேண்டாம் என்று நீ சொல்லிவிடுவாயோ. திட்டுவதானால் எழுதித் திட்டு. ஆனால் எழுது.

அக்கா


மார்ச் 20

தம்பி,

பதினேழு நாள் ஆகிவிட்டது. தபால்காரர் தெருமுனையில் வரும்போதே நான் கடையை விட்டு வெளியே வந்து நிற்கிறேன். நேற்று அவரே "இல்லம்மா, வந்தா நானே குரல் கொடுக்கிறேன், நீங்க வெயில்ல நிக்காதீங்க" என்றார்.

நேற்று ஒருவருக்குப் பவரை மாற்றி எழுதிவிட்டேன். வலது கண்ணை இடது என்று. கண் பார்க்க ஆரம்பித்த பதினாறு வருஷத்தில் இதுதான் முதல் தடவை. நல்லவேளை, கண்ணாடி வெட்டுவதற்குள் கண்ணில் பட்டது.

போன் பண்ணமாட்டேன் என்று வீராப்பாகச் சொன்னவள் முந்தாநாள் உன்னைக் கூப்பிட்டேன். நீ எடுக்கவில்லை. நியாயம்தான்.

அம்மாவிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். கேட்டபடி அவரைக்காய் நறுக்கிக்கொண்டே இருந்தாள். "நல்லா இருக்கேன்" என்று ஒரு வார்த்தை போதும். கோபம் தீர வேண்டாம், அது அதன்பாட்டுக்கு இருக்கட்டும்.

அக்கா


மார்ச் 29

அக்காவுக்கு,

நல்லா இருக்கேன். அந்த ஒரு வார்த்தைக்கு உன்னை இத்தனை நாள் வெயிலில் நிற்க வைத்ததற்கு என்னை அடிக்கலாம்.

உன் கடிதத்தைப் படித்ததும் முதலில் உன்மேல்தான் கோபம் வந்தது. வேண்டாதவன் வீட்டுப் பூட்டை உடைக்கிற மாதிரி விளம்பரப் படத்தை வெட்டினேன், துணிக்கடைக்காரர் "இது ரொம்ப நல்லா இருக்கே" என்றார். அப்புறம் மெதுவாகத்தான் ஒன்று உறைத்தது. பதினேழு தடவையும் ஏன் இடறியது, எந்தக் கை என்று எனக்கு ஏன் தெரியவில்லை என்று. என்னிடம் படமே இல்லை. உன் வாய் வார்த்தைதான் இருந்தது.

நம்பாமலும் இருக்க முடியவில்லை, சோதித்துப் பார்க்காமலும் இருக்க முடியவில்லை. இப்போது என் பவர் ஒன்பது. இங்கே ஒரு கண்ணாடிக் கடையில் போய், நாலரைக்கு மட்டும் ஒரு கண்ணாடி போட்டுத் தரச் சொன்னேன். "இது போட்டா பாதிப் பார்வைதான் சார் வரும்" என்றார். அந்தப் பாதிதான் வேண்டும் என்றேன். என்னைப் பற்றி அவர் என்ன நினைத்திருப்பார் என்று நீயே யூகித்துக்கொள். அதைப் போட்டுக்கொண்டு வாசற்படியில் மண்டியிட்டேன், கண் மட்டம் சரியாக வரும்படி. லிஃப்ட்காரர் வெளிக்கதவு வரை நடந்தார். முப்பது அடியில் அவர் ஒரு பழுப்புக் கறை. திரும்பினாரா என்று தெரியவில்லை. ஆட்டினாரா என்று தெரியவில்லை. நீ சொன்னது அப்படியே சரி. அந்தப் படியிலேயே உட்கார்ந்து அழுதேன் அக்கா. பாவம், லிஃப்ட்காரர் ஓடி வந்து, "சார், இன்னொரு தடவை வேணா பண்றேன்" என்றார்.

படத்தை முழுக்க மறுபடி எடுத்தேன். இப்போது ஒரு சாண் தூரத்துக்கு அப்பால் எதுவும் தெளிவாக இல்லை. கேமராவின் குவியத்தை அங்கேயே நிறுத்தி வைத்துவிட்டேன், பன்னிரண்டு நிமிடமும் நகரவில்லை. உன் குரலும் இல்லை, அந்த இடத்தில் சத்தமே இல்லை. ஆனால் ஒரு சாணுக்குள் வருகிறது பார், அதெல்லாம் எப்படித் துல்லியமாக வருகிறது தெரியுமா! உன் பாவாடை மடிப்பில் ஒரு இழை பிரிந்திருக்கிறது. உன் மேல் உதட்டில் வியர்வை. நீ குனிகிறபோது உன் முகம் கலங்கலிலிருந்து தெளிவுக்குள் வருகிறது, திரை முழுக்க. இது என் நினைவா, நீ எழுதியதைப் படித்துவிட்டு நான் உண்டாக்கிக்கொண்டதா என்று என்னால் சத்தியம் பண்ண முடியாது. என் சட்டப்படி நிற்கிற படம் அது ஒன்றுதான். அதனால் வைத்துக்கொண்டேன்.

இப்போது உன்னிடம் கேட்க வேண்டியதுக்கு வருகிறேன். உன்னைப் போல நடித்த பெண்ணுக்குப் பத்து வயது, சரியான வாயாடி. காட்சி முடிந்ததும் சும்மா கேட்டேன், "அவர் கேட் கிட்ட என்ன பண்ணினார், பார்த்தியா?" என்று. அவள் என்னை அசடனைப் பார்ப்பதுபோலப் பார்த்தாள். "எனக்கு எப்படித் தெரியும் அங்கிள்? நீங்கதான குனிஞ்சு தம்பி காதுல சொல்லச் சொன்னீங்க? கேட் எனக்கு முதுகுப் பக்கம்ல இருந்துச்சு" என்றாள்.

அவளை எங்கே எப்படி நிறுத்தினாலும் அப்படித்தான் வருகிறது அக்கா. என் காதில் சொல்ல வேண்டுமென்றால் நீ என் பக்கம் திரும்பத்தான் வேண்டும். நான் உன்னை மடக்குவதற்காகக் கேட்கவில்லை. அன்றைக்கு நீ எங்கே பார்த்துக்கொண்டிருந்தாய்?

அவரிடமிருந்து பதில் வந்துவிட்டது. அரைப் பக்கம்தான். "திரும்பிக் கை ஆட்டியது எனக்கு நினைவிருக்கிறது. யாராவது பார்த்தீர்களா என்றுதான் இத்தனை வருஷமாகத் தெரியாமல் இருந்தது. நீ பார்த்ததாக எழுதியிருக்கிறாய். அந்த வரியைத் திரும்பத் திரும்பப் படிக்கிறேன். மற்றது எதற்கும் மன்னிப்புக் கேட்க எனக்கு முகமில்லை. கூப்பிட்டால் வருகிறேன்" என்று எழுதியிருக்கிறார். நான் எழுதியதையே எனக்குத் திருப்பிச் சொல்கிறாரா, உண்மையிலேயே ஆட்டினாரா, தெரியவில்லை. உன் பொய்யை நான் நம்பினேன், என் கடிதத்தை அவர் நம்பியிருக்கிறார், அதுவரைக்கும் தெரிகிறது.

வர வேண்டாம் என்று எழுதிவிடவா? நீ சொல்கிறபடி செய்கிறேன். இந்தத் தடவை நிஜமாகவே செய்வேன். அவர் வராவிட்டால் பரவாயில்லை. நீ வராவிட்டால் எனக்குப் படமே வேண்டாம்.

உன் சோடாபுட்டி


ஏப்ரல் 5

சோடாபுட்டி,

தபால்காரர் சொன்னபடியே தெருமுனையிலிருந்து குரல் கொடுத்தார். பக்கத்துக் கடைக்காரர்கள் எல்லாம் எனக்கு ஏதோ பரிசு விழுந்துவிட்டது என்று எட்டிப் பார்த்தார்கள்.

அந்த வாயாடிப் பெண் கேட்டதைப் படித்ததும் எனக்கு முதலில் ரோஷம் வந்தது. பத்து வயது வாண்டு என்னிடம் சாட்சி கேட்கிறதே என்று. பெட்டி, பை, உதைத்த கால், எல்லாம் எனக்கு அப்படியே கண்முன் நிற்கிறது என்று உனக்கு எழுதத்தான் உட்கார்ந்தேன். எழுத வரவில்லை. பெட்டியும் பையும் அவர் படியிறங்கும்போது பார்த்தது. வெளிக்கதவு டமாரென்று சாத்தியது காதில் விழுந்தது. அந்தச் சத்தத்துக்கு, உதைக்கிற ஒரு காலை நானாகவே வைத்துக்கொண்டேன் போலிருக்கிறது. இத்தனை வருஷமாக அந்தக் காலைத்தான் வெறுத்துக்கொண்டிருந்தேன்.

அவர் திரும்பினாரா, ஆட்டினாரா, எனக்குத் தெரியாது. நான் உன்னைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். உன் உதடு கோணத் தொடங்கியது, அது அழுகையாக மாறுவதற்குள் ஏதாவது சொல்லியாக வேண்டும் என்று அதையேதான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

நேற்று மத்தியானம் அம்மாவிடம் உன் கடிதத்தைப் படித்துக் காட்டினேன். "நீ எங்கம்மா இருந்தே அப்போ?" என்று கேட்டேன். இதை இதுவரை நாம் இரண்டு பேரும் அவளிடம் கேட்டதே இல்லை, கவனித்தாயா?

"உள்ள ஜன்னல்கிட்டதான் நின்னேன்."

"அப்ப நீ பார்த்திருப்பியே, அவர் திரும்பினாரா?"

"அவரை யார் பார்த்தா? நீங்க ரெண்டும் படியில ஒண்ணையொண்ணு கட்டிக்கிட்டு நின்னீங்க. இதுங்களை வச்சு எப்படிக் கரை ஏறப்போறோம்னு உங்களைத்தான் பார்த்துட்டு இருந்தேன். அப்புறம் கதவு சத்தம் கேட்டுச்சு. நிமிர்ந்து பார்த்தா ஆளு இல்ல."

சொல்லிவிட்டு எழுந்து போய்விட்டாள். நான்தான் அப்படியே உட்கார்ந்துவிட்டேன். ஒரு வீட்டில் மூன்று பேர் இருந்தோம். அவர் போகிற நேரத்தில் ஒருத்தர்கூட அவரைப் பார்க்கவில்லை. ஒருவேளை நிஜமாகவே திரும்பிக் கையைத் தூக்கியிருந்தால் அவருக்கு என்ன தெரிந்திருக்கும், யோசித்தாயா? அவர் செய்தது எதையும் நான் மன்னித்துவிடவில்லை. அம்மா இரண்டு வீட்டில் சமைத்தது சமைத்ததுதான், என் படிப்பு போனது போனதுதான். ஆனால் பார்க்காத ஒன்றுக்காக இனி என்னால் கோபப்பட முடியாது. பார்த்ததற்கே நிறைய இருக்கிறது.

அவர் வரட்டும். நீ எதையும் மாற்றி எழுத வேண்டாம். தம்பி பார்க்கவில்லை, நான் சொன்ன பொய்யைத்தான் உங்களுக்கு எழுதினான் என்று நானே நேரில் சொல்கிறேன். முகத்தைப் பார்த்துச் சொல்கிறேன், எனக்குத்தான் பார்வை சரியாக இருக்கிறதே.

வெள்ளிக்கிழமை ராத்திரி வண்டிக்கு இரண்டு பேருக்கும் இடம் பிடித்தாயிற்று. அம்மா இப்போதிருந்தே எந்தப் புடவை என்று ஆரம்பித்துவிட்டாள். கேட்டால், "படம் பார்க்கப் போறோம்ல, பரதேசி மாதிரியா போறது?" என்கிறாள். நானும் ஒன்றும் கேட்டுக்கொள்ளவில்லை.

நாற்பது நாற்காலி என்றாயே. அரங்கத்துக்குள் நுழையும் கதவு எந்தப் பக்கம் என்று பார்த்து, அதற்கு நேரெதிரே முதல் மூன்று இடத்தை நமக்குப் பிடித்து வை. விளக்கை அணைக்கும் முன்னால் அவரை வரச் சொல். அவர் உள்ளே வரும்போது நாம் மூன்று பேரும் அவரைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்போம்.

அக்கா